சீவின கேடயம்

மார்ச் 3

காலையிலிருந்து மழை. அதற்காக ரோமப் படையில் நடைப் பயிற்சியை விட்டுவிடுவார்களா? சுமைக்கழியில் கோதுமை, சட்டி, ரம்பம், மண்வெட்டி. உடம்பில் இரும்புச் சட்டை. இடக் கையில் கேடயம் – ஆட்டுத்தோல் உறை போட்டும் தண்ணீர் குடித்து, கன்றுக்குட்டி கனம் கனத்தது. எங்கள் கூடாரத்தில் எட்டுப் பேர், ஒரு கோவேறு கழுதை. அது கூடாரத்தையும் அரைகல்லையும் மட்டும்தான் சுமக்கும். கொடுத்துவைத்த பிறவி.

எங்கள் எட்டுப் பேரில் மூத்தவரான லூபெர்கஸ் அண்ணன் எல்லோருக்கும் பின்னால் வந்தார். இடத் தோள் தூக்க வரவில்லை. நூற்றுவர் தலைவர் மான்சூட்டஸ் பார்த்துவிட்டார். "என்னய்யா, படை நடை நடக்கிறியா, பொண்ணு பாக்கப் போறியா? அடுத்த தடவையும் இப்படி வந்தா, தகுதியில்லன்னு கழிச்சிடுவேன்."

அறுவடை முடிந்ததும் அண்ணனுக்கு ஓய்வு, சொந்த நிலம். இப்போது கழித்துவிட்டால் முழு நிலமும் கிடைக்காது. நல்ல நியாயம்! சுமந்து சுமந்துதானே அந்தத் தோள் போனது?

மார்ச் 5

அண்ணனின் சுமையைப் பங்கு பிரித்தோம். கோதுமை எனக்கு, மண்வெட்டி கூசியஸுக்கு, மற்றது மற்றவர்களுக்கு. அவர் கழியில் வைக்கோல் திணித்த மூட்டை. சரி, கேடயத்தை எப்படிப் பங்கு போடுவது?

மார்ச் 6

கூசியஸ் படையில் சேருமுன் தச்சன். அவன் வழி கண்டுபிடித்தான். கேடயம் மூன்று அடுக்கு மெல்லிய பலகை. உள்ளடுக்கை முழுக்கச் சீவி எடுத்துவிட்டுத் துணி ஒட்டினான். நான் பிடித்துக்கொண்டேன். பார்த்தால் தெரியாது, தூக்கினால்தான் தெரியும்.

"அடப்பாவி, சோத்துத் தட்டு மாதிரில்ல இருக்கு!" என்று அண்ணன் சிரித்தார்.

"பயிற்சிக்கு மட்டும்தாண்ணே. சண்டைன்னு வந்தா கிடங்குல வேற வாங்கிக்கலாம்," என்றான் கூசியஸ்.

ரைன் கரையில் சண்டை வந்து வருஷக்கணக்காகிறது.

மார்ச் 13

நடையில் அண்ணன் நடு வரிசையோடு வந்துவிட்டார். மான்சூட்டஸ் வாயே திறக்கவில்லை. எனக்குத்தான் இடுப்பு விட்டுப்போயிற்று. "என்னடா, கிழவன் மாதிரி நடக்கிற?" என்று அண்ணனே கேட்கிறார். கொழுப்புதானே!

மார்ச் 20

அக்கரையில் எங்கள் காவல் கோபுரத்தை எதிரிகள் கொளுத்திவிட்டார்கள். விடிந்ததும் படகுப் பாலம் தாண்ட உத்தரவு. கிடங்கில் உபரிக் கேடயம் ஒன்றுகூட இல்லை.

என்னுடையதை நீட்டினேன். "இத எடுத்துக்குங்கண்ணே. அத எனக்குக் குடுங்க."

"இதத் தூக்க முடிஞ்சா, அத ஏண்டா சீவப்போறோம்?"

"அப்போ தோள் வலின்னு மருத்துவக் கொட்டகையில படுத்துக்குங்க."

"படுத்தா கேடயத்த ஒப்படைக்கணும். மான்சூட்டஸ் கையில எடுத்தாலே போதும். படைக்கலத்தக் கெடுத்தவனுக்கு என்ன கிடைக்கும்னு தெரியாதா? எட்டு முதுகும் உரியும். பேசாம தூங்கு."

தூங்குவதாம்!

மார்ச் 22

நேற்று வரிசையில் அண்ணன் எனக்கு இடப்பக்கம் நின்றார். என் கேடயத்தை அவர் பக்கமே தள்ளிப் பிடித்திருந்தேன், கை இற்றுப்போகிறவரை. பாதிதான் மறைக்க முடிந்தது. ஈட்டி அவர் பலகையைத் துளைத்து நெஞ்சில் இறங்கியது.

என் கேடயத்திலும் ஒன்று பாய்ந்தது. அது பலகையிலேயே நின்றுவிட்டது.

ஐயோ, நம்ம கையாலயே சீவிக் குடுத்தோமே.

மார்ச் 23

மழை தூறத் தூறச் சிதை அடுக்கினோம். இறந்தவன் கேடயம் கிடங்குக்குத் திரும்ப வேண்டும். மான்சூட்டஸ் தானே குனிந்து அதை எடுத்தார். கூசியஸ் என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டான்.

மான்சூட்டஸ் அதைக் கீழே வைத்து, மறுபடி தூக்கிப் பார்த்தார். உட்புறத் துணியைக் கட்டைவிரலால் தடவினார். எங்கள் ஏழு பேர் முகத்தையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"எல்லார் கேடயமும் நனைஞ்சு கனக்குது. இது மட்டும் நனையல போல," என்றார்.

பிறகு அதை அண்ணன் மேல் வைத்து, தானே தீ மூட்டினார்.

ஏப்ரல் 3

நடைப் பயிற்சி. கழியில் என் கோதுமை மட்டும். முன்வரிசையோடு வந்து சேர்ந்துவிட்டேன். பிடிக்கவில்லை.