வியாழனைக் கறி வைத்த நாள்

அன்பு மகள் கீர்த்தனிக்கு,

அன்று நம் உப்புவெளி வீட்டுக் குசினி அடுப்படியில் நின்றவர்கள் நான், உன் அப்பா, என் தமையன் இராசையா, பள்ளிக்கூடக் கண்காட்சிக்குக் காய்களைக் கோள்களாய் அடுக்கிக்கொண்டிருந்த நீ. இப்போது நீயும் பேத்தியும் சுகமா? அவளுக்கு இருமல் விட்டதா?

நான் பராமரிக்கும் கிழவியம்மாவோடு போன கிழமை, வானத்தைப் படமாய்க் காட்டும் கொழும்புக் கோள்மண்டலத்துக்குப் போனேன். இருட்டில் படி தவறி முழங்கால் கொஞ்சம் உரஞ்சியது, பயப்படாதே. ஒரே தூசி மேகத்தில்தான் சூரியனும் எல்லாக் கோள்களும் பிறந்தனவாம். அன்று நீ சொன்னதையே அங்கேயும் சொன்னார்கள். உன் சொல் இன்னும் காதில் நிற்கிறது: "சூரியனுக்குக் கிட்டச் சூடு அம்மா, கல்லும் இரும்பும்தான் தங்கும். தூரத்திலை குளிர், பனியும் வாயுவும் சேர்ந்து பெருக்கும். அதுதான் பூமிக்குச் சின்னத் தேசிக்காயும் வியாழனுக்குப் பூசணிக்காயும் வைச்சிருக்கிறன்."

அந்தப் பூசணிக்காயைத்தான் தமையன் வந்துவிட்டாரே என்று வெட்டிக் கறி வைத்தேன். நீ அழுதாய். "கிரகம் பார்க்கச் சாத்திரி இருக்கிறார், பெட்டைக்கு என்னத்துக்குப் படிப்பு?" என்றார் தமையன். நானும் சிரித்தேன். அதோடு உன் படிப்பு நின்றது.

பிழை என்னுடையது, மகள். பொறுத்துக்கொள். கொஞ்சம் கருவாடும், உன் கையால் நாலு வரியும் அனுப்பு. கிழவியம்மா கூப்பிடுகிறா, முடிக்கிறேன். வாய் திறக்காமல் நின்ற உன் அப்பாவை எப்போதோ மன்னித்துவிட்டேன். நீ அழ அழ, இரண்டாம் தரமும் கறி கேட்டு வாங்கிச் சாப்பிட்ட இராசையாவை மட்டும் மன்னிக்க மாட்டேன்.

அம்மா