பதிவேட்டில் உன் பெயர்

மண்டபம்,
செவ்வாய்க்கிழமை.

அன்புத் தங்கை பியூலாவுக்கு,

கர்த்தரின் கிருபையால் நானும் உன் அத்தானும் ஜெமிமாவும் சுகமாக இருக்கிறோம். குவைத் வெயிலில் நீயும் நீ வேலை பார்க்கும் வீட்டுக்காரர்களும் சுகமாயிருக்க ஜெபிக்கிறேன்.

தினமும் போனில் பேசுகிறவள் எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று பயந்துவிடாதே. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. என் போன் பாதி நேரம் ஜெமிமா கையில் இருக்கிறது. அதோடு, உன் குரலைக் கேட்டால் சொல்ல வந்ததை விட்டுவிட்டுச் சண்டை போட ஆரம்பித்துவிடுவேன். அது உனக்கே தெரியும். பக்கத்து வீட்டு சபியா அக்காவின் மகன் சஃபீர் விடுமுறை முடிந்து வெள்ளிக்கிழமை குவைத்துக்குத் திரும்புகிறான். அவன் கையில் இதைக் கொடுத்துவிடுகிறேன். நெத்திலிக் கருவாடும் கட்டி வைத்திருக்கிறேன். அந்த வீட்டு அம்மா வாடைக்குத் திட்டுவாள் என்றால் சஃபீர் அறையிலேயே வைத்துக்கொள்ளச் சொல்.

உன் அத்தானுக்கு ஐஸ் கம்பெனியில் இப்போது நிற்க நேரமில்லை. எனக்கும் நண்டு கம்பெனியில் தினம் வேலை இருக்கிறது. சதை எடுக்கும்போது ஓடு கீறி இரண்டு விரலில் துணி சுற்றியிருக்கிறேன். கையெழுத்து கோணலாக இருப்பது அதனால்தான்.

விஷயத்துக்கு வருகிறேன். ஜெமிமாவுக்கு அடுத்த மாதம் இரண்டாம் ஞாயிறு திடப்படுத்தல். கைக்குழந்தையாக இருந்தபோது அவளுக்காக நாம் பதில் சொன்னோமே, அந்த ஞானஸ்நானத்துக்கு இப்போது அவளே சபை முன்னால் நின்று பதில் சொல்ல வேண்டும். பிஷப் ஐயா வருகிறார். அதற்கு ஞானஸ்நான சர்டிபிகேட் வேண்டும் என்று போதகர் மூன்று வாரமாகக் கேட்டுக்கொண்டே இருந்தார். நான் இன்றைக்கு, நாளைக்கு என்று தள்ளிக்கொண்டே வந்தேன். ஜெமிமா ஆபீசில் போய்க் கேட்கிறேன் என்றாள். நீ போகாதே, நான் வாங்கி வருகிறேன் என்று அவளையும் தடுத்தேன்.

ஏன் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. பள்ளிக்கூடத்தில், ஆதாரில் எல்லாம் எப்படியோ எங்கள் பெயரை ஏற்றிவிட்டோம். அப்போதிருந்த பழைய போதகர் மட்டும் வளையவில்லை. “பெத்தவ முன்னாடி நிக்கிறா, நான் எப்படிம்மா பொய் எழுதுவேன்”னு சொல்லிப் பதிவேட்டில் தாய் என்ற இடத்தில் உன் பெயரை எழுதினார். என்னையும் அத்தானையும் ஞானப்பெற்றோர் என்று எழுதினார்.

அன்று ஆராதனை முடிந்ததும் நான் உன்னைக் கோயிலை ஒட்டிய வெஸ்ட்ரி அறைக்குள் கூட்டிப் போனேன். வேதப்புத்தகத்தின் மேல் கை வைக்கச் சொன்னேன். ‘பெற்றவள் நான் என்று பிள்ளையிடம் எந்தக் காலத்திலும் சொல்ல மாட்டேன், அவளுக்கு நான் சித்தி மட்டும்தான்’ என்று உன்னைச் சத்தியம் செய்ய வைத்தேன். கட்டியவன் உன்னை விட்டுப் போய் ஆறு மாதம். பிள்ளை பெற்று ஒரு மாதம். நிற்க முடியாமல் பெஞ்சைப் பிடித்துக்கொண்டிருந்தாய். சொல்லி முடிக்கும்வரை உன்னை நான் உட்கார விடவில்லை. மூன்று கருவைத் தொலைத்தவள் நான். யாரும் இதைப் பிடுங்கிக்கொள்ளக் கூடாது என்ற ஒரே நினைப்புதான் அன்று எனக்கு.

அந்த நினைப்பு பதினான்கு வருடமாக என்னை விடவில்லை, பியூலா. அவள் இடது கையால் தலையைக் கோதும்போதெல்லாம் நீ கோதுவது போலவே இருக்கும். “வலது கையால கோது”னு அதட்டுவேன். நீ அனுப்பிய ஊதா நிறச் சுடிதாரை அவள் கழற்றாமல் மூன்று நாள் போட்டுக்கொண்டு திரிந்தாள். நான் அதைத் துவைக்கும்போது வேண்டுமென்றே பிளீச்சிங் பவுடரில் போட்டேன். சாயம் போய்விட்டது, மட்டமான துணி என்று உன்னிடம் சொன்னேன். நீ மன்னிப்புக் கேட்டாய். வீடியோவில் உன்னோடு அவள் சிரிக்கிற சிரிப்பு என்னோடு சிரிக்கிறதைவிடச் சத்தமாக இருக்கிறதா என்று அடுப்படியில் நின்று காது கொடுத்துக் கேட்பேன். எத்தனையோ தடவை அவள் பக்கத்தில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருக்க, தூங்கிவிட்டாள் என்று உன்னிடம் சொல்லியிருக்கிறேன்.

இன்னொன்றும் இருக்கிறது. இரண்டு வருடத்துக்கு முன் நீ விடுமுறையில் வந்தபோது, பரமக்குடியில் அத்தான் தங்கை வீட்டில் அவளுக்கு விடுமுறை வேதப்பள்ளி, பத்து நாள் தங்கியே ஆக வேண்டும் என்றேனே. அப்படி ஒன்றும் இல்லை. நான்தான் அனுப்பினேன். உன் முப்பது நாளில் பத்து நாளை நான் திருடினேன்.

இதையெல்லாம் இப்போது ஏன் கொட்டுகிறேன் என்றால், போதகர் திடப்படுத்தலுக்குப் போகும் பிள்ளைகளின் பெற்றோருக்கும் சனிக்கிழமை சாயங்காலம் வகுப்பு வைத்திருக்கிறார். உடன்படிக்கையைப் பற்றி. அத்தான் முதல் நாளே உட்கார்ந்தபடி தூங்கிவிட்டார். எனக்கு மட்டும் ஒவ்வொரு வார்த்தையும் நம் வீட்டைப் பற்றிப் பேசுவது போலவே இருந்தது. தேவன் தம்மை எரிச்சலுள்ளவர் என்று சொல்லுகிறார், அது பொறாமைதான் என்றார் போதகர். எனக்கு உள்ளுக்குள் ஒரே சந்தோஷம். தேவனுக்கே பொறாமை உண்டென்றால் எனக்கு இருந்தால் என்ன? அதை வாய்விட்டே கேட்டுவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. “அவருக்கு எரிச்சல், தான் வாக்குக் கொடுத்த ஜனம் கெட்டுப்போயிருமேன்னு. நமக்கு எரிச்சல், நம்ம கையவிட்டுப் போயிருமேன்னு. ரெண்டும் ஒண்ணாம்மா?” என்றார். எனக்கு அவர்மேல் கோபம்தான் வந்தது.

போன வாரம் பிள்ளையில்லாத சாராள், அவள் அடிமைப்பெண் ஆகார் கதை. சாராள் சொல்லித்தான் ஆகார் பிள்ளை பெற்றாள், பிறகு அந்தச் சாராளே அவளை வனாந்தரத்துக்குத் துரத்தினாள் என்று அவர் சொல்லிக்கொண்டிருக்கும்போது என்னால் உட்கார முடியவில்லை. வெளியே வந்து குழாயடியில் முகம் கழுவினேன். உனக்குக் குவைத்தில் வேலைக்கு ஆள் பிடித்தது யார்? சபியா அக்கா வீட்டுக்காரரிடம் நாலு தடவை நடந்தவள் நான். தங்கை பிழைக்கட்டும் என்று ஊரெல்லாம் சொன்னேன். உன்னைப் பாலைவனத்துக்கு அனுப்பியதும் பிள்ளைக்குப் பால் மறந்துவிடும் என்பது என் கணக்கு. ஆகாருடைய பிள்ளையாவது அவள் கூடவே போனான்.

மறுநாள் ஞாயிறு மதியம் சாப்பிட உட்கார்ந்தோம். அத்தான் வேலைக்குப் போயிருந்தார். ஜெமிமா உள்ளே போய் ஒரு கவரை எடுத்து வந்து என் பக்கத்தில் வைத்தாள். ஞானஸ்நான சர்டிபிகேட்.

“ஆபீசுக்குப் போகாத, போகாதன்னு இதுக்குத்தானம்மா சொன்ன? போன வருசமே எங்கிட்ட இருக்கு. வேதாகமப் போட்டிக்குக் கேட்டாங்க, நானே போய் வாங்குனேன்.”

கரண்டி என் கையிலேயே நின்றுவிட்டது. என் வாயில் முதலில் என்ன வந்தது தெரியுமா? “உங்க சித்தி சொல்லிட்டாளா?” என்றுதான் கேட்டேன். காகிதத்தைக் கண் முன்னால் வைத்துக்கொண்டும் உன்னிடம்தான் குற்றம் தேடினேன்.

“சித்தி ஒண்ணுமே சொல்லல. நான்தான் போன் போட்டு, நீங்கதான் என்னப் பெத்தீங்களான்னு கேட்டேன். அழுதாங்க. ‘உங்கம்மா லீதியாள்தான், எதுன்னாலும் அவகிட்டக் கேளு’ன்னு சொல்லி வச்சுட்டாங்க. பெறகு ரெண்டு நாளு போனே எடுக்கல.”

அந்த இரண்டு நாள் எனக்கு நினைவிருக்கிறது, பியூலா. உன் போன் வரவில்லையே என்று நான் நிம்மதியாக இருந்த நாட்கள் அவை.

பிள்ளையே கேட்டும் நீ உரிமை கொண்டாடவில்லை. ஒரு வருடமாக இதை என்னிடமும் சொல்லாமல் சுமந்திருக்கிறாய். நான் அவளிடம், “அப்ப நான் உனக்கு யாரு?” என்று கேட்டேன். அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். “இதென்னம்மா கேள்வி? அம்மாதான். கொழம்ப ஊத்து, பசிக்குது” என்றாள். பாதிச் சோற்றில் நிறுத்தி, “திடப்படுத்தலுக்குச் சித்தி வரணும். பிஷப் ஐயா பேரு கூப்பிடுறப்ப ரெண்டு பேரும் எம்பின்னாடி நிக்கணும்” என்றாள். இவ்வளவுக்குப் பிறகும் அந்த ‘ரெண்டு பேரும்’ என் நெஞ்சில் தைத்தது. பொய் சொல்லி என்ன ஆகப் போகிறது.

ஆபிராமோடு தேவன் உடன்படிக்கை பண்ணிய இடத்தைப் போதகர் ஏற்கெனவே சொல்லியிருந்தார். அந்தக் காலத்து வழக்கப்படி மிருகங்களைத் துண்டித்து வைத்து, வாக்குக் கொடுக்கிறவர்கள் நடுவில் நடப்பார்களாம். வாக்கு மீறினால் எனக்கும் இந்தக் கதி வரட்டும் என்று அர்த்தம். ஆபிராம் அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தான், தேவன் மட்டும் நெருப்பாகக் கடந்து போனார், தூங்கினவனை நடக்கச் சொல்லவில்லை என்றார். அன்று எனக்கு அது பெரிதாகப் படவில்லை. ஞாயிறு பாத்திரம் கழுவும்போதுதான் உறைத்தது. அன்று வெஸ்ட்ரியில் எல்லாம் கையில் இருந்தவள் நான். நிற்கக்கூட முடியாதவள் நீ. நான் நிற்க முடியாதவளை நடக்க வைத்தேன். நான் எந்த வாக்கும் கொடுக்கவில்லை.

இப்போது கொடுக்கிறேன். பதிலுக்கு நீ ஒன்றும் சொல்ல வேண்டாம். அன்று உன்னிடம் வாங்கிய சத்தியம் இனி இல்லை. போதகரிடம் நேற்றுப் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, சர்டிபிகேட்டையும் என் கையாலேயே கொடுத்துவிட்டேன். உன் மகளோடு நீ பேசும்போது இனி நான் அடுப்படியில் நிற்க மாட்டேன், வாசலுக்குப் போய்விடுவேன். நீ வந்தால் அவள் எங்கும் போக மாட்டாள். எரிச்சல் தீர்ந்துவிட்டது என்று எழுத எனக்கு ஆசைதான். தீரவில்லை. உன் மகள் என்று மேலே எழுதினேனே, அந்த இரண்டு வார்த்தைக்கு எவ்வளவு நேரம் பேனாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன் என்பது எனக்குத்தான் தெரியும்.

அந்த வீட்டு அம்மாவிடம் விடுமுறை கேள். இரண்டு வருடம் ஆகிவிட்டது, உனக்கு வர வேண்டிய விடுமுறைதான். மதுரை ஏர்போர்ட்டுக்கு அத்தான் வண்டி பிடித்து வருவார். வழியெல்லாம் கர்த்தர் உன்னைக் கைப்பிடித்துக் கூட்டி வரட்டும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குள் அவள் உன்னை எப்படிக் கூப்பிடுவாள் என்று எனக்குத் தெரியாது. நான் அவளுக்கு ஒன்றும் சொல்லிக் கொடுக்கவில்லை. எப்படிக் கூப்பிட்டாலும் நீ உடனே திரும்பி அவளைப் பார். முதலில் என் முகத்தைப் பார்க்காதே.

உன் அக்கா,
லீதியாள்