நோன்பு திறந்த பாஸ்டா

திங்கட்கிழமை இரவு, அறுகம்பை

இது யார் கையில் கிடைத்தாலும் மூடி வைத்துவிடுங்கள். அல்லாஹ்வுக்காக, உம்மாவிடம் காட்டாதீர்கள்.

விடுமுறைக்கு எங்கள் ஊரான சாய்ந்தமருதிலிருந்து வந்திருக்கிறோம். பின்னேரம் நானும் எனக்கு மூத்தவளான ராத்தாவும் பக்கத்து விடுதிக்கு இத்தாலிச் சமையல் பழகப் போனோம். பாஸ்டாவுக்கு மாவு பிசைந்து, நாடா போல வெட்டினோம். இறால் வதங்கும்போது அந்த இத்தாலிக்காரி ஒரு போத்தலைத் தந்து ஊற்றச் சொன்னாள். வீட்டில் மீனுக்கு ஊற்றும் வினாகிரி என்று நினைத்து ஊற்றினேன். பாத்திரம் கழுவும்போதுதான் ராத்தா அந்தப் போத்தலை முகர்ந்தாள்.

"அடியேய், இது வைன்!"

"நான் ருசி பார்த்தேனே, ராத்தா."

"தெரியாமத்தானே. உம்மாக்கிட்ட மூச்சு விடாத."

உம்மாவுக்கென்று கட்டிய பாஸ்டாப் பெட்டியை வழியில் கொட்ட நினைத்தோம். ஆனால் அவர் எங்கள் அறை வாசலிலேயே நின்றார். இன்று அவருக்கு நோன்பு. பள்ளியில் வாங்கு சொல்லிவிட்டது, நோன்பு திறக்கும் நேரம்.

"கடைச் சாப்பாடெண்டாத்தான் பயம். இது என்ட மகள் ஆக்கினதுதானே," என்று பெட்டியை வாங்கினார். பிஸ்மி சொல்லி வாயில் வைத்தார். ராத்தா மண்ணைப் பார்த்தாள். நான் தண்ணீரை நீட்டினேன், வைனைப் பற்றிச் சொல்லவில்லை.

அழுகையும் வரவில்லை. கையில் உள்ளிப்பூண்டு மணம் மட்டும் போகவில்லை.

மிச்சத்தை உம்மா வாப்பாவுக்கென்று மூடி வைத்தார். அதை எடுத்து என் பைக்குள் ஒளித்துவிட்டேன். வாப்பா ஊரிலிருந்து விடியத்தான் வருவார். அதற்குள் எங்காவது

உம்மா கதவைத் தட்டுகிறார்.

"மகள், முழிச்சா இருக்கா? வாப்பா இப்பவே வந்திட்டாரு. நீ ஆக்கினத திங்கணுமாம், கொண்டா புள்ள."

இந்த முறையாவது நான் உண்மையைச்