பதினோரு விநாடி

ஏப்ரல் 4

அன்புள்ள எடிட்டர் அண்ணாவுக்கு,

உங்கள் வாயாடி எழுதுகிறேன். இத்தனை வருஷம் கழித்து இவளுக்கு என்ன திடீர்ப் பாசம் என்று நினைப்பீர்கள். போன் நம்பரை மாற்றியவர் எனக்குச் சொல்லவில்லை. நம் பழைய ஒலிப்பதிவாளரைக் கெஞ்சித்தான் இந்த முகவரியை வாங்கினேன். வேலையை விட்டபோதும் நீங்கள் ஒரு வார்த்தை சொல்லவில்லை. எடிட்டிங் அறைக்கு வந்தால் உங்கள் நாற்காலியில் வேறொருத்தர். அந்தக் கோபம் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. அண்ணியும் மகளும் நலம்தானே?

நான் அதே டிவியில்தான் குப்பை கொட்டுகிறேன். தயாரிப்பாளரும் நானே, கேமரா முன் நின்று பேசுகிறவளும் நானே. முப்பது வருஷமாக ஊருக்கெல்லாம் அறிவியல் சொல்லியாயிற்று, ஜூனில் ஓய்வு. மே 20 அன்று சூரிய கிரகணம் வருகிறது. அதற்கு முந்தின நாள் மாலை ஆறு மணிக்கு, இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால் நாம் செய்த கிரகண நிகழ்ச்சியை மறுபடி போடப் போகிறார்கள். நான் நேரலையில் முன்னுரை சொல்ல வேண்டும். ஆபீஸில் எல்லோருக்கும் சந்தோஷம். எனக்கு இல்லை.

"முழுக்கக் கறுத்த பிலிமை ரெண்டா மடிச்சு அது வழியாப் பாருங்க" என்று அதில் சொன்னேன். உடனே, "கறுப்பு வெள்ளை பிலிம் மட்டும்தான். கலர் பிலிம் எவ்வளவு கறுப்பா இருந்தாலும் கண்ணைக் காப்பாத்தாது" என்றும் சொன்னேன். இன்றைக்கு எந்தப் பிலிமும் கூடாது என்கிறோம்; அன்றைக்கு நமக்குத் தெரிந்தது அவ்வளவுதான். நிகழ்ச்சி பதினோரு விநாடி நீண்டுவிட்டது. பின்னாலேயே செய்தி. "எப்படியாவது குறைச்சிடுங்கண்ணா" என்று சொல்லிவிட்டு மேக்கப்பைக் கழுவப் போனேன். திரும்பி வந்து, ஓட்டிப் பார்க்காமலே ஒளிபரப்புச் சீட்டில் கையெழுத்துப் போட்டேன்.

அந்தப் பதினோரு விநாடி எது அண்ணா?

டேப் என் மேஜை இழுப்பறையில் இருக்கிறது. மூன்று நாளாக இழுப்பறையைத் திறக்கிறேன், மூடுகிறேன். நீங்கள் ஒரு வரி எழுதினால் போதும்.

என்றும் உங்கள்,
வாயாடி


ஏப்ரல் 12

வாயாடித் தங்கச்சிக்கு,

கடிதம் கண்டேன். உன் கையெழுத்து இன்னும் கோழி கிளறின மாதிரிதான் இருக்கிறது. உன் அண்ணி போய் நாலு வருஷம் ஆகிறது. சொல்லி அனுப்பாதது தப்புதான், மன்னித்துக்கொள். மகள் என்னோடுதான் இருக்கிறாள். பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுக்கிறாள். வண்டி ஓட்ட மட்டும் கற்றுக்கொள்ளவில்லை, எங்கே போனாலும் நான்தான் டிரைவர்.

நீ கேட்டது எனக்கு நினைவில்லை. ஒரு நாளைக்கு எத்தனை வெட்டு வெட்டியிருப்பேன், எதை ஞாபகம் வைத்துக்கொள்வது? பழசைக் கிளறாதே. அந்த டேப்பைப் போட வேண்டாம், பூஞ்சை பிடித்துவிட்டது என்று சொல்லிவிடு. யார் வந்து பார்க்கப் போகிறார்கள்? நல்ல பெயரோடு ஓய்வு பெறப் போகிறாய். நிம்மதியாகப் போ.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அன்புடன்,
எடிட்டர் அண்ணன்


ஏப்ரல் 20

அன்புள்ள அண்ணாவுக்கு,

அண்ணி செய்தியைப் படித்து அழுதேன். பிரிவியூ அறைக்கு எனக்குச் சூடாகக் காபி கொடுத்தனுப்பிய கை அது. அடுத்த வரியிலேயே பயப்பட வைத்துவிட்டீர்கள். போன வாரம் வெட்டியதும் போன வருஷம் வெட்டியதும் விரல் நுனியில் வைத்திருந்தவர் நீங்கள். உங்களுக்கா நினைவில்லை?

டேப்பைப் பார்த்துவிட்டேன். கலர் பிலிம் கூடாது என்ற அந்த வாக்கியம் இல்லை. பிலிமைக் கண்ணுக்கு நேரே பிடிக்கிறேன், பாருங்க என்கிறேன், சிரிக்கிறேன். அவ்வளவு நீளமாக ஏன்தான் சிரித்தேனோ.

அதோடு விடவில்லை. நேயர் கடிதங்கள் கிடக்கிற பீரோவைத் திறந்தேன். ஞாபகம் இருக்கிறதா, நம் நிகழ்ச்சியின் சிறுவர் சங்கத்துப் பிள்ளைகள் பெயர் எழுத மாட்டார்கள், 'குட்டி விஞ்ஞானி' என்று போட்டு உறுப்பினர் எண்ணைத்தான் எழுதுவார்கள். கிரகணத்துக்கு அடுத்த மாதக் கட்டில் ஒரு கார்டு கிடைத்தது. எழுதியிருப்பது இதுதான்:

"ஆன்ட்டி, நீங்க சொன்ன மாதிரியே பிலிமை மடிச்சுப் பார்த்தேன். இடது கண்ணை மட்டும் திறந்து ரொம்ப நேரம் பார்த்தேன். இப்போ எதைப் பார்த்தாலும் நடுவுல ஒரு புள்ளி இருக்கு. அது எப்போ போகும்? குட்டி விஞ்ஞானி 4112."

மேலே நம் ஆபீஸ் முத்திரை: 'படம் அனுப்பப்பட்டது.' அதற்கு நாம் அனுப்பிய பதில், நான் கையெழுத்துப் போட்ட என் போட்டோ. முகவரிப் பகுதியை வெட்டி உறைமேல் ஒட்டி அனுப்புவார்களே, அதனால் கார்டில் எண் மட்டும்தான் மிச்சம். உறுப்பினர் பதிவேட்டைத் தேடச் சொல்லியிருக்கிறேன்.

எண்கள் ஒன்பதாயிரம் வரை போயின. எழுதினது ஒரு பிள்ளை. எழுதாதவர்கள் எத்தனை பேர்? பஸ்ஸில் யாராவது தலையைச் சாய்த்துப் பேப்பர் படித்தால்கூட, இவர் கண்ணிலும் அந்தப் புள்ளியோ என்று நினைக்கிறேன். அந்தப் பிள்ளைகளுக்கு இப்போது பிள்ளைகள் இருக்கும். அம்மா சொல்லிக்கொடுத்தாள் என்று அதுகளும் பிலிமைத் தேடும்.

நேரலையில் இதைச் சொல்லப் போகிறேன். தலைமை அதிகாரி, "யாரும் கேட்கலையே மேடம், நீங்களே ஏன்?" என்கிறார். எனக்கும் பயம்தான்.

வாயாடி


ஏப்ரல் 27

தங்கச்சி,

பதிவேட்டைத் தேடாதே. 4112 என் வீட்டில் இருக்கிறாள்.

அவளை நான்தான் சேர்த்துவிட்டேன். எடிட்டர் மகள் என்று சலுகை வேண்டாம், மற்றப் பிள்ளைகள் மாதிரி தபாலில் வரட்டும் என்று உன்னிடம் சொல்லவில்லை. அப்போது பத்து வயது. கிரகணத்தன்று நான் ஸ்டுடியோவில் இருந்தேன். அவள் பீரோவிலிருந்து தன் பிறந்தநாள் போட்டோ நெகட்டிவை எடுத்து, அதன் கறுத்த முனையை வெட்டி மடித்து, மாடியில் நின்று பார்த்திருக்கிறாள். கலர் நெகட்டிவ். வீட்டில் வேறு பிலிம் ஏது?

என்னால் சொல்ல முடியாததைச் சொல்கிறேன். வெட்டுவதற்கு இரண்டு இடம் இருந்தது. உன் சிரிப்பு, இல்லாவிட்டால் அந்த வாக்கியம். சிரிப்பு நன்றாக இருந்தது. வாக்கியத்தை வெட்டினேன்.

அவள் உனக்கு எழுதினது உன் போட்டோ வந்தபோதுதான் எனக்குத் தெரியும். உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "ஆன்ட்டி பதில் எழுத மறந்துட்டாங்கப்பா" என்றாள். அடுத்த வாரம் வேலையை விட்டேன். உன் முகத்தில் விழிக்கப் பயம்.

டாக்டர் அவளிடம் கலர் பிலிம் கூடாது என்று சொன்னார். ஆன்ட்டி கட்டாயம் சொல்லியிருப்பாள், நான்தான் ஒழுங்காகக் கேட்கவில்லை என்று அவளே முடிவு கட்டிக்கொண்டாள். இருபத்திரண்டு வருஷமாக அதையே சொல்கிறாள். நானும் ஆமாம் போட்டுக்கொண்டிருக்கிறேன். நீ டிவியில் சொன்னால் அவளுக்கு எல்லாம் தெரிந்துவிடும். எனக்கு வேறு யாரும் இல்லை. உன் காலில் விழுகிறேன், என் காலத்துக்குப் பிறகு சொல்.

அண்ணன்


மே 5

அண்ணா,

உங்கள் கடிதத்தை நாலைந்து நாள் கைப்பையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். மீட்டிங்கில்கூட அதைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தேன்.

உங்கள் பெயரை எடுக்க மாட்டேன். சீட்டில் இருப்பது என் கையெழுத்து. பார்க்காமல் போட்டவள் நான், அப்படியே சொல்வேன். ஆனால் நிகழ்ச்சியை வெட்டுகிற வேலை யாருடையது என்று உங்கள் மகளுக்குத் தெரியாதா? அதனால் பத்தொன்பதாம் தேதி ஆறு மணிக்கு முன்னால் நீங்களே சொல்லிவிடுங்கள். சொல்லாமல் இருக்க என்னால் முடியாது அண்ணா. இருபதாம் தேதி எத்தனை பிள்ளைகள் பிலிமோடு மாடிக்குப் போகும்?

இதோடு 4112-க்கு ஒரு பதில் வைத்திருக்கிறேன். உறையை ஒட்டவில்லை. நீங்கள் படித்துவிட்டுக் கொடுங்கள்.

வாயாடி


மே 5

அன்புள்ள குட்டி விஞ்ஞானி 4112-க்கு,

உன் கார்டு கிடைத்தது. நான் படிக்காமலே உனக்குப் படம் அனுப்பிவிட்டேன். மன்னித்துவிடு.

அந்தப் புள்ளி எப்போது போகும் என்று கேட்டிருந்தாய். அது போகாதும்மா.

கலர் பிலிம் கூடாது என்ற வாக்கியத்தை நான் பேசினேன், ஆனால் அது ஒளிபரப்பாகவில்லை. நீ ஒழுங்காகத்தான் கேட்டாய். நீ கேட்டதில் அது இல்லை.

உன் டிவி ஆன்ட்டி


மே 19, மாலை

தங்கச்சி,

நீ அவளுக்கு எழுதின கடிதம் பத்து நாளாக என் சட்டைப் பையில் இருந்தது. சட்டை மாற்றும்போதெல்லாம் அதையும் மாற்றி வைத்தேன். இன்றைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று இன்றுவரை ஓட்டிவிட்டேன். ஐந்தரைக்கு அவள் டிவி முன்னால் இரண்டு நாற்காலி போட்டு, "வாங்கப்பா, உங்க புரோகிராம்" என்று கூப்பிட்டாள். அதற்குமேல் முடியவில்லை. நீட்டினேன்.

எப்போதும் போலத் தலையைச் சாய்த்துப் படித்தாள். இரண்டு தரம் படித்தாள். நான் சொல்ல வேண்டியதையும் சொன்னேன். சிரிப்பா வாக்கியமா என்று யோசித்ததைக்கூட விடாமல் சொன்னேன்.

திட்டுவாள் என்று நினைத்தேன். "அப்போ நான் ஒழுங்காத்தான் கேட்டேனாப்பா?" என்று மட்டும் கேட்டாள். ஆமாம்மா என்றேன். எனக்கென்று போட்டிருந்த நாற்காலியை எடுத்துச் சுவரோரமாக வைத்துவிட்டுத் தன் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டாள்.

இதைச் சமையலறையிலிருந்து எழுதுகிறேன். ஆறு மணி ஆகிவிட்டது. முன்னறையிலிருந்து உன் குரல் கேட்கிறது. அவள் சத்தத்தைக் கூட்டி வைக்கிறாள். உள்ளே போகப் பயமாக இருக்கிறது.

அண்ணன்