மாமியார் ஆடான படம்

பெப்ரவரி 4, செவ்வாய்
லைப்ரரியில் ஸ்பானிய சினிமா வகுப்பு. வீட்டை விட்டு வெளிக்கிட ஒரு சாட்டு என்றுதான் சேர்ந்தேன். பார்த்தால் வீட்டுப்பாடம்! நாவலைப் படமாக்குவது ஸ்பெயினில் பழைய வழக்கமாம். ஆளுக்கொரு நாவலை வாசித்து, படத்தில் என்ன மாறியது என்று பேசவேண்டும். எனக்கு வந்தது ஒரு இளம் விதவையின் கதை. மாமியார் அவளை ஆட்டிப்படைக்கிறா.

பெப்ரவரி 9, ஞாயிறு
படம் பார்த்தேன். மாமியாரைக் காணவில்லை. திரும்பப் போட்டுப் பார்த்தேன். இல்லை. அவ நிற்கவேண்டிய இடத்திலெல்லாம் ஒரு ஆடு நிற்கிறது. மருமகள் சிவப்புச் சட்டை போட்டால் நாவலில் மாமியார் ஏசுவா. படத்தில் ஆடு சட்டையைத் தின்கிறது. காதலன் வந்தால் அவ கதவைப் பூட்டுவா; ஆடு முட்டுகிறது.
தனிய இருந்து சிரித்தேன்.

பெப்ரவரி 10
குசினியில் சமைத்தபடி பேச்சைப் பாடமாக்கினேன். "மாமியாரின் இடத்துக்கு ஆடு மிகவும் பொருத்தம்" என்று சத்தமாகச் சொல்லித் திரும்பினால், வாசலில் மாமி, இவரின் அம்மா. தேத்தண்ணியோடு அறைக்குள் போயிட்டா.

பெப்ரவரி 12
மாமி என்னோட கதைக்கிறா இல்லை. இவர் வேலையால வந்து, "அம்மாவை ஆடு எண்டனியாமே?" எண்டார். நான் ஸ்பெயினில இருந்து விளங்கப்படுத்தத் தொடங்க, சாப்பிடப் போயிட்டார். ஒஷாவாவில இருக்கிற மச்சாள், மாமியின்ர மகள், போன் எடுத்து ஏசுறா: "ஆரை ஆர் ஆடு எண்டது?"

பெப்ரவரி 15, சனி
வேறு வழியில்லை. மாமியை இருத்திப் படத்தைப் போட்டேன், தமிழில் சொல்லிச் சொல்லி. ஆடு சட்டையைத் தின்ன மாமியின் வாய் கோணியது. சிரிப்போ, கோபமோ?
முடிந்ததும் சொன்னா: "ஆடு செய்ததில ஒரு பிழையும் இல்லை. உந்த விதவையா வாற பெட்டைக்குத்தான் நடிக்கத் தெரியேல்லை."
எழும்பிப் போனவ திரும்பி நின்றா. "புத்தகத்தில அவ மனிசிதானே, பிள்ளை? அவ என்ன சொல்லுறா எண்டு வாசிச்சுச் சொல்லு. ஆடு வாய் திறக்கேல்லை."

பெப்ரவரி 18
வகுப்பில் பேசினேன். ஆடு வந்ததால் சிரிப்புக் கூடியது, மாமியாரின் பக்க நியாயம்தான் போய்விட்டது என்று முடித்தேன். கைதட்டினார்கள். மாமிக்குச் சொன்னேன். "நான் சொன்னதுதானே," என்றா.

மார்ச் 6, வியாழன்
பின்னேரங்களில் மாமி மரக்கறி வெட்ட, நான் நாவலைத் தமிழில் சொல்லுவேன். அந்த மாமியார் ஏசினால், "சரியாத்தானே கேக்கிறா" என்பா.
இன்றைய அத்தியாயத்தில் அந்த மாமியார் காய்ச்சலில் சாகிறா. அதை மாமிக்குச் சொல்லாமல் நிப்பாட்டினன்.
"பிறகு?" எண்டா மாமி. வெட்டின கை அப்பிடியே நிக்குது.
"பிறகு காய்ச்சல் விட்டுது மாமி. எழும்பி மருமகளை ஏசினா."
மாமி திரும்பவும் வெட்டத் தொடங்கினா.
இன்னும் பாதிப் புத்தகம் கிடக்கு. புத்தகத்து மாமியாருக்கு இனி நான்தான் வசனம் எழுதவேணும்.