கத்திரிக்கோல் படத்தை எடுத்த நாள்

மே 4, திங்கள்

பள்ளிக்கூட கிளார்க் வந்து போனார். இருநூற்று நாற்பது சட்டைப் பைகளில் புது முத்திரை எம்ப்ராய்டரி போட வேண்டும், இருபத்தாறாம் தேதிக்குள். முத்திரையை மாற்றிவிட்டார்களாம், பழைய டிசைன் உதவாது. சரி என்றேன். படி இறங்கும்போது சொல்கிறார், "சட்டையை உங்க தங்கச்சிதான் தைக்கிறாங்க. பை மட்டும் உங்ககிட்ட."

பை மட்டும்.

ஒன்பது வருஷத்துக்கு முன் இந்தக் கடையை விட்டுப் போனவள் அவள். போன கையோடு என் வாடிக்கைக்காரர்களிடம், "அக்காவுக்குக் கண்ணு மங்கிடுச்சு, தையல் கோணலா வரும்" என்று சொன்னாள். மூன்று பேரிடம் சொன்னாள். அந்த மூன்று பேர் அன்றைக்கு என்ன நிறத் துணி கொண்டுவந்தார்கள் என்றுகூட எனக்குத் தெரியும்.

மாலையில் கம்ப்யூட்டரைத் திறந்தேன். நானும் அவளும் சேர்ந்து இருந்தபோது வாங்கியது. அதில் பூப் படம் போட்டது என் புரோகிராம். வரைந்த டிசைனை எம்ப்ராய்டரி மெஷினுக்குப் புரிகிற தையலாக மாற்றித் தரும். பக்கத்தில் சிவப்புக் கத்திரிக்கோல் படம் போட்டது அவளுடையது. சட்டை வெட்ட அளவு போடும். ஒன்பது வருஷமாக அந்தக் கத்திரிக்கோல் வாயைப் பிளந்துகொண்டு என்னையே பார்க்கிறது.

எடுத்தே விட்டேன். போன மாதம் மருமகள் ஏதோ விளையாட்டை அழித்தபோது எங்கெங்கே அழுத்தினாள் என்று பார்த்து வைத்திருந்தேன். நடுவில் ஒரு பெட்டி வந்து ஆங்கிலத்தில் நாலு வரி கேட்டது. கீழே மூன்று பொத்தான்: எஸ், எஸ் டு ஆல், நோ. நாலு வரியும் எனக்குப் புரியாது, அந்த மூன்று பொத்தான் புரியும். நடுவில் இருந்ததை அழுத்தினேன். நன்றாகவே அழுத்தினேன்.

மே 5, செவ்வாய்

என் பூப் படம் திறக்கவில்லை.

அழுத்தினால் ஒரு பெட்டி வருகிறது, மூடினால் போய்விடுகிறது. பெட்டியில் இருந்ததை எழுத்து எழுத்தாகத் தாளில் வரைந்துகொண்டேன். ஏதோ ஒரு பெயர், அதன் கடைசியில் ஒரு புள்ளி, பிறகு டி, எல், எல். அது காணவில்லையாம்.

"என்னாச்சு அத்தை?" என்றாள் மருமகள்.

"தானா போச்சு."

"விடுங்க. வேலையை வேற யார்கிட்டயாவது கொடுத்துடலாம். அந்த மெஷினையும் தள்ளி விட்டுட்டு நீங்க வீட்ல நிம்மதியா இருங்க. எத்தனை நாளா சொல்றேன்."

நல்ல மனசோடுதான் சொன்னாள், அதுதான் குத்துகிறது. அந்த மெஷின் முன்னால் இருக்கிற நாற்காலியை விட்டு எழுந்தால் நான் எங்கே போய் உட்காருவது? வீட்டு ஜன்னல் பக்கம். ஜன்னலைத் திறந்தால் பக்கத்து வீட்டுச் சுவர்.

மே 6, புதன்

தானாகப் போகவில்லை. அது எனக்குத் தெரியும். யாருக்கும் தெரியக் கூடாது.

மே 8, வெள்ளி

உட்கார முடியவில்லை, நிற்க முடியவில்லை. துணி மடித்தேன், மடித்ததைப் பிரித்தேன். மருமகள் இன்டர்நெட்டில் தேடி அதே பெயரில் ஒரு ஃபைல் கண்டுபிடித்தாள். யாரோ சும்மாவே கொடுக்கிறார்களாம். எடுத்து உள்ளே போட்டாள். பூப் படத்தை அழுத்தினேன். பெட்டி வந்தது, ஆனால் முன்பைவிட நீளமாகத் திட்டுகிறது. கம்ப்யூட்டரும் நொண்டுகிறது.

மே 9, சனி

கம்ப்யூட்டர் ரிப்பேர் செய்கிற பெண் வந்தாள். எப்போதும் காதோரத்தில் ஒரு ஸ்க்ரூடிரைவர் செருகியிருப்பாள், அதனால் எனக்கு அவள் ஸ்க்ரூடிரைவர்க்காரி. முதலில் மருமகளுக்குத்தான் திட்டு விழுந்தது.

"பேர் ஒண்ணா இருந்தா ஆளும் ஒண்ணா? யார் கொடுத்ததுன்னே தெரியாத ஃபைலை வீட்டுக்குள்ள விடுறீங்க. இது வேற வெர்ஷன். கூடவே வேண்டாத குப்பையும் வந்திருக்கு."

அதையெல்லாம் துடைத்து எடுத்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

"பாட்டி, சமீபத்துல எதையாவது அழிச்சீங்களா?"

"நான் எதுக்கு அழிக்கப் போறேன்?"

அந்த ஸ்க்ரூடிரைவரால் காதைச் சொறிந்துகொண்டாள்.

டிஎல்எல் என்றால் என்ன என்று கேட்டேன். "உங்க புரோகிராம் எல்லா வேலையையும் தானே செய்யாது. கோடு போடுறது, அச்சடிக்கிறது, மெஷினோட பேசுறது, இதுக்கெல்லாம் பக்கத்துல இருக்கிற ஒரு ஃபைலைக் கூப்பிடும். அதுதான் இது. ஒரே கம்பெனி செஞ்ச ரெண்டு புரோகிராம் இருந்தா ரெண்டும் அந்த ஒரே ஃபைலைத்தான் கூப்பிடும். ஒரே வேலையை எதுக்கு ரெண்டு தடவை எழுதணும்?"

"அதையே நேரா அழுத்தித் திறந்தா?"

"திறக்காது. யாராவது கூப்பிட்டாத்தான் அது வேலை செய்யும்."

கம்பெனியை எப்போதோ மூடிவிட்டார்களாம். வாங்கியபோது கொடுத்த டிஸ்க் இருந்தால் அதிலிருந்து மறுபடி ஏற்றலாம், அதுதான் சரியான வழி என்றாள். இருக்கிறதா என்று கேட்டாள்.

அந்த டிஸ்க், நீல பிளாஸ்டிக் பெட்டி, தங்கச்சி போன அன்று காலை பத்தே காலுக்கு, அளவு டேப்புக்கு அடியில் வைத்து அவள் பையில் போனது. நான் பார்த்தேன். கேட்கவில்லை. ஒன்பது வருஷமாகத் திருட்டு என்றே மனசில் வைத்திருக்கிறேன்.

மே 11, திங்கள்

யோசித்துப் பார்த்தேன். நம் கடையில் ஏழு தையல் மெஷின். பொத்தான் துளை போடும் காஜா மெஷின் ஒன்றே ஒன்று. யார் சட்டை தைத்தாலும் கடைசியில் மூலையில் இருக்கிற அதனிடம்தான் கொண்டுவருவார்கள். சும்மா இருக்கும்போது பார்த்தால் யாருக்கும் வேண்டாத இரும்பு மாதிரி இருக்கும். ஒரு மெஷினைக் கடையை விட்டு அனுப்புகிறோம் என்று அதோடு சேர்த்துக் காஜா மெஷினையும் தெருவில் தூக்கிப் போட்டால்? மீதி ஆறு பேரும் துளை இல்லாத சட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டியதுதான்.

அதைத்தான் செய்திருக்கிறேன் நான்.

ஸ்க்ரூடிரைவர்க்காரிக்குப் போன் போட்டு, சும்மா கேட்பது போல, அழிக்கும்போது ஒரு பெட்டி கேள்வி கேட்குமா என்றேன். கேட்கும் என்றாள். "இந்த ஃபைலை வேற யாரும் உபயோகிக்கிற மாதிரி தெரியல. ஒருவேளை யாராவது உபயோகிச்சா அவங்க வேலை நின்னுடும். எடுத்துடவான்னு கேட்கும். எத்தனை பேர் உபயோகிக்கிறாங்கன்னு ஒரு எண்ணிக்கை வச்சிருக்கும் பாட்டி. சில சமயம் அந்தக் கணக்கு தப்பிடும். அதான் மனுஷங்களைக் கேட்குது."

என்னைக் கேட்டிருக்கிறது. என்னைப் போய்.

மே 12, செவ்வாய்

டிஸ்க் கேட்டுத் தங்கச்சியிடம் போக மாட்டேன்.

அவள் போகும்போது ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "காஜா மட்டும் இங்க வந்து போட்டுக்கிறேன் அக்கா." வாசலை மிதிக்காதே என்றேன். மிதிக்கவில்லை. இத்தனை நாளாகக் கையாலேயே காஜா எடுக்கிறாளாம், கிளார்க் சொன்னார். அவள் சொன்ன பேச்சுக்கு அது சரிதான்.

சரிதானா? பதினாலு நாள்தான் இருக்கிறது.

மே 14, வியாழன்

போனேன். தெருமுனை வரை இரண்டு தடவை போய்த் திரும்பினேன். மூன்றாவது தடவை அவளே வாசலுக்கு வந்துவிட்டாள்.

"வான்னு சொல்லவா, வேணாமா?"

"டிஸ்க் வேணும். நீலப் பெட்டி."

"உக்காரு முதல்ல. கால் நடுங்குது உனக்கு."

"கால் எப்பவும் போலத்தான் இருக்கு."

சின்ன அறை. மேஜை முழுக்கப் பள்ளிக்கூடச் சட்டைகள். வலது கை விரல் நுனியெல்லாம் ஊசி ஏறித் தழும்பாகக் கிடக்கிறது அவளுக்கு. நான் வேறு பக்கம் பார்த்தேன். பொய் சொல்லலாம் என்றுதான் போனேன். வாய் வேறு சொன்னது.

"உன் கத்திரிக்கோல் படத்தை நான்தான் அழிச்சேன். அதோட என்னோடதும் போச்சு."

மேஜையில் கிடந்த ஒரு சட்டையை மடித்து வைத்தாள். அப்புறம், "அதை இத்தனை வருஷமாவா வச்சிருந்த?"

"எப்படி எடுக்கிறதுன்னு தெரியல."

சிரித்தாள் பாவி. எனக்கும் வந்தது, அடக்கிக்கொண்டேன்.

டிஸ்க்கைக் கொடுத்தாள். "கோவத்துல எடுத்துட்டு வந்தேன். திருப்பித் தரணும்னு பாத்தா வாசல்தான் கிடையாதே." கண் மங்கிய பேச்சைக் கேட்கவும் கேட்டேன். "சொன்னேன். தப்புதான்" என்றாள். இவ்வளவு சுருக்கமாக முடிந்தால் நான் இத்தனை நாள் சேர்த்து வைத்ததையெல்லாம் என்ன செய்வது?

மே 15, வெள்ளி

பெட்டியில் ஒட்டியிருந்த நம்பர் அழிந்து போயிருந்தது. அது இல்லாமல் ஏறாதாம். ஸ்க்ரூடிரைவர்க்காரி உதட்டைப் பிதுக்கினாள். "எழுதிக்கோ" என்றேன். வாங்கிய அன்று ஒரு தடவை நான் ஒவ்வொன்றாகத் தட்டியது, பதினாறு எழுத்தும் நம்பரும் ஒன்று தப்பாமல் சொன்னேன்.

"பாட்டி, நீங்க மனுஷிதானா?"

பூப் படம் திறந்தது.

மருமகள் பின்னால் நின்றிருந்தாள். "கத்திரிக்கோல் படம் காணாமப் போன அன்னைக்கே எனக்குத் தெரியும் அத்தை." தெரிந்துகொண்டே பத்து நாள் என்னைத் தவிக்க விட்டிருக்கிறாள். தேதியோடு குறித்துக்கொண்டேன்.

மே 20, புதன்

நூற்று அறுபது பை முடிந்தது. நூல் இரண்டு தடவைதான் அறுந்தது.

மே 25, திங்கள்

பை எல்லாம் நேற்றே முடிந்தது, தங்கச்சி அவற்றைச் சட்டைகளில் தைத்தும்விட்டாள். மெஷினைத் தள்ளி விடுகிற பேச்சை மருமகள் எடுக்கவில்லை. அடுத்த வருஷத்துக்கும் பை இங்கேதான் என்று கிளார்க்கிடம் அவளே சொல்லிவிட்டாள்.

மூலையில் காஜா மெஷின் காலையிலிருந்து ஓடுகிறது. ஓட்டுவது தங்கச்சி. இருநூற்று நாற்பது சட்டைக்கும் கையால் எடுத்தால் நாளைக்குள் முடியாது என்று நான்தான் ஆள் அனுப்பினேன். காஜாவுக்கு மட்டும். மற்றதெல்லாம் அப்படியே இருக்கிறது, ஒன்றும் மறக்கவில்லை.

டிஸ்க்கில் இரண்டு புரோகிராமும் சேர்ந்தே இருந்ததால் அந்தக் கத்திரிக்கோலும் திரும்பி வந்து பூவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறது. எப்படி எடுப்பது என்று இப்போது எனக்கு நன்றாகத் தெரியும்.