அம்மாவுக்காக எடுத்த படங்கள்

ஓகஸ்ட் 3, ஞாயிறு
சோளகக் காற்று. கூட்டக் கூட்ட மணல். பூநகரி மணல் முழுவதற்கும் எங்கள் வீட்டு முகவரிதான் கொடுத்திருக்கிறார்கள் போல.
நாளை என் மனைவி ராஜி வருகிறாள். குவைத்தில் வீட்டு வேலை, ஐந்து வருடம். இனிப் போவதில்லை என்ற முடிவோடு.
செய்ய: கோழி. கதிரைக் காலுக்கு ஆணி. மகள் கயலுக்கு நகம் வெட்ட. எனக்குத் தலைமயிர் (இருக்கிற அளவுக்கு).
அவள் போனபோது கயலுக்கு நாலு வயது. “பிள்ளை வளருறதைப் படம் எடுத்து அனுப்புங்கோ” என்றாள். டைரக்டர், கமெராமான், தேத்தண்ணி ஊற்றுபவன் எல்லாம் நானே. பாதிப் படத்தில் என் பெருவிரல். ஆனாலும் விழுந்த பல், முதல் சைக்கிள், பள்ளி விளையாட்டுப் போட்டி, எல்லாம் உண்டு. போனைத் தூக்கினாலே பிள்ளை “அம்மா, பாருங்கோ” என்று தொடங்கிவிடும்.

ஓகஸ்ட் 4, திங்கள்
கிளிநொச்சியிலிருந்து ஓட்டோவில் வந்து இறங்கினாள். மெலிவு. அழுகை. கயல் என் சாரத்தைப் பிடித்துக்கொண்டு பின்னால் நின்று, “வாங்கோ” என்றாள். விருந்தாளிக்குச் சொல்வது போல.
“இவ்வளவு நாளும் என்ர மூஞ்சையைப் பார்த்த பிள்ளை, வடிவான ஆளைக் கண்டு பயப்படுது” என்றேன். ராஜி சிரித்தாள், பாவம்.

ஓகஸ்ட் 6, புதன்
வெக்கை. கயலுக்குப் புது நடனம். போனை என்னிடம் நீட்டினாள்.
“எடுங்கோ அப்பா, அம்மாவுக்குக் காட்டோணும்.”
“அம்மா இஞ்சதானே இருக்கிறா. ஆடிக் காட்டு.”
“அப்பிடி ஏலாது. எடுங்கோ.”
எடுத்தேன். ஆடி முடித்து, போனைப் பார்த்து, “அம்மா, வடிவோ?”
“ஓமடி ராசாத்தி.” பக்கத்துக் கட்டிலிலிருந்து ராஜி. பிள்ளை திரும்பவில்லை.
எனக்கு ஒரு பகிடியும் வரவில்லை.

ஓகஸ்ட் 8, வெள்ளி
ராஜி குசினிக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். என் போன் அடித்தது. வீடியோ கோல். கயல் பாய்ந்து எடுத்தாள்.
சிநேகிதியோடு சண்டை, முழங்கால் காயம், புது ரீச்சர், எல்லாம் கொட்டினாள். கடைசியில் வழக்கம் போல, “அம்மா, எப்ப வருவீங்கள்?”
“கெதியா வாறன் ராசாத்தி.”
போனிலும் கேட்டது, கதவுக்குள்ளாலும் கேட்டது. சோறு அடிப்பிடித்தது. எழும்பி இறக்க ஆளில்லை.

ஓகஸ்ட் 10, ஞாயிறு
காற்று குறைவு. வயலுக்கு உரம் இன்னும் வாங்கவில்லை.
ராஜி ஏஜென்சிக்காரனோடு கதைத்திருக்கிறாள். அடுத்த மாதம் திரும்பப் போகிறாளாம்.
“பிள்ளை பழகும். கொஞ்சம் பொறுமன்” என்றேன்.
“அங்க இருந்தா எண்டாலும் என்னோட கதைக்கிறாளப்பா.”
“இந்தப் போனைத் தூக்கிக் கிணத்துக்குள்ள போடுறன்.”
“போடாதேங்கோ. பிறகு அவளுக்கு அம்மா எங்க?”
கயல் வந்து சார்ஜர் கேட்டாள். எடுத்துக் கொடுத்தேன்.